நான் கட்டிய பென்ஷன் பணம் எங்கே போகிறது?

அடுத்த கேள்வி. "முப்பது வருடம் சம்பளத்தில் பிடித்த பணத்தைத்தானே அரசு பென்ஷனாகத் திருப்பித் தருகிறது? அப்புறம் முதியவர்களின் எண்ணிக்கை கூடினால் கஜானா ஏன் தடுமாற வேண்டும்?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார்.

நியாயமான சந்தேகம்தான். ஆனால் அந்தப் பணத்தை உங்கள் பெயர் எழுதி யாரும் பூட்டி வைப்பதில்லை. பெரும்பாலான நாடுகளில் பொது ஓய்வூதியம் என்பது கைமாறும் பணம். இன்று வேலை செய்கிறவரிடம் பிடித்தது, இன்றே ஒரு முதியவருக்குப் போய்விடுகிறது. உங்களுக்கு வர வேண்டியதை நாளைக்கு வேலைக்குப் போகிறவர்கள்தான் தர வேண்டும்.

சின்னக் கணக்கு ஒன்று போடுவோம். சம்பளம் 100, பென்ஷன் 60. ஒரு முதியவருக்கு நான்கு பேர் உழைத்தால் ஆளுக்கு 15 பிடித்தால் போதும். இரண்டு பேர்தான் என்றால் 30. பென்ஷன் ஒரு காசுகூட ஏறவில்லை, பாரம் மட்டும் இரட்டிப்பாகிவிட்டது. அமெரிக்காவில் 1960-ல் பென்ஷன் வாங்கும் ஒருவருக்குச் சுமார் ஐந்து பேர் பணம் கட்டினார்கள். இப்போது மூன்று பேர்கூட இல்லை.

சரி, அரசு என்ன செய்யும்? வரியைக் கூட்டலாம், பென்ஷனைக் குறைக்கலாம், இரண்டுக்கும் பயந்து கடன் வாங்கலாம். ஜப்பானில் பத்தில் கிட்டத்தட்ட மூன்று பேர் 65 வயதைத் தாண்டியவர்கள். அரசின் கடன் நாட்டின் ஒரு வருட மொத்த உற்பத்தியைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். 1989-ல் 3 சதவீதமாகத் தொடங்கிய விற்பனை வரி 2019-ல் 10 ஆனது. இவ்வளவு கடனையும் தாங்க முடிந்ததற்குப் பல வருடங்கள் வட்டி பூஜ்யத்தை ஒட்டியே இருந்தது ஒரு முக்கியக் காரணம். வட்டி ஏறினால் கதையே வேறு.

ஓய்வு வயதைத் தள்ளிப்போடுவதில் இரட்டை லாபம்: கட்டுகிறவர் ஒருவர் கூடுகிறார், வாங்குகிறவர் ஒருவர் குறைகிறார். முழு ஓய்வூதிய வயதை 65-லிருந்து 67 ஆக்க அமெரிக்கா 1983-ல் சட்டம் போட்டது. 67 யாருக்கு? 1960-லும் அதற்குப் பிறகும் பிறந்தவர்களுக்கு. அதாவது அன்று 23 வயதும் அதற்குக் கீழும். அந்த வயதில் பென்ஷனுக்காக யார் தெருவில் இறங்கப் போகிறார்கள்! சாமர்த்தியமான வேலை. ஆனால் மூட்டை தூக்குகிறவருக்கும் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்ப்பவருக்கும் ஒரே வயது என்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

குழந்தைகளை அதிகம் பெறச் சொல்வது உடனடி மருந்து அல்ல. இன்று பிறக்கும் குழந்தை வரி கட்ட இருபது வருடமாகும், அதுவரை அதுவும் செலவுதான்.

"அப்படியானால் ஆளுக்கொரு தனிக் கணக்கில் சேமித்துவிடலாமே" என்றும் அவர் கேட்கிறார். அரசின் பாரம் குறையும், உண்மைதான். ஆனால் 80 வயதில் உங்கள் கணக்கில் எவ்வளவு இருந்தாலும், உங்களைக் கவனித்துக்கொள்ளும் நர்ஸ் அன்றைக்கு வேலை செய்கிற ஒருவர்தானே? அப்படிப்பட்டவர்கள் குறைந்தால் அவர்கள் சம்பளம் ஏறும். நீங்கள் சேர்த்த பணத்துக்கு அந்த அளவுக்கு மதிப்புக் குறையும்.