பீலி அணிந்த ஆயுதங்கள்

(பெங்களூரு அல்சூரில் நடந்த தமிழ் வாசகர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

அறிவியல் புனைவுப் படங்களில் நாளைய போர் எப்படிக் காட்டப்படுகிறது என்று பேச அழைத்தவர்கள், நான் இயந்திர மனிதர்களிடமிருந்து தொடங்குவேன் என்று எதிர்பார்த்திருப்பார்கள். நான் ஔவையாரிடமிருந்து தொடங்குகிறேன். அதியமானின் தூதாகச் சென்ற ஔவைக்குத் தொண்டைமான் தன் படைக்கலக் கொட்டிலைப் பெருமையோடு காட்டுகிறான். புறநானூற்றின் 95ஆம் பாட்டு அங்கே பிறக்கிறது. உன் ஆயுதங்கள் மயிற்பீலி அணிந்து, மாலை சூடி, காம்பு திருத்தி, நெய் பூசி, காவல் மிகுந்த பெரிய மனையில் இருக்கின்றன. எங்கள் மன்னனுடைய வேல்களோ பகைவரைக் குத்தி நுனி சிதைந்து கொல்லனின் சிறு கொட்டிலில் கிடக்கின்றன என்கிறார் ஔவை. கேட்டவன் முதலில் மகிழ்ந்திருப்பான். பொருள் விளங்க அவனுக்குச் சற்று நேரம் பிடித்திருக்கும்.

இந்த ஊர்க்காரர்களுக்குத் தொண்டைமானின் கொட்டிலைத் தனியே விளக்க வேண்டியதில்லை. இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை எலகங்கா விமானப்படைத் தளத்தில் ஏரோ இந்தியா கண்காட்சி நடக்கிறது. 2025 பிப்ரவரியில் அமெரிக்காவின் எஃப்-35 விமானமும் ரஷ்யாவின் எஸ்யு-57 விமானமும் அங்கே ஒரே நேரத்தில் வந்து நின்றபோது, கைப்பிடித்து அழைத்துச் சென்ற பிள்ளைகளுக்கு அண்ணாந்து காட்டினோம், படமெடுத்துக்கொண்டோம். நானும் எடுத்தேன், மறைப்பானேன்? பீலியும் மாலையும் மட்டுந்தான் அங்கே குறை. திரையில் நாம் பார்த்துவரும் நாளைய போரும் பெரும்பாலும் இப்படி நெய் பூசிய ஆயுதங்களின் அணிவகுப்புதான் என்பதும், கொல்லன் கொட்டிலுக்குள் காமிராவைக் கொண்டுபோன படங்கள் மிகக் குறைவு என்பதும் என் எண்ணம்.

குறை சொல்வதற்கு முன் ஒரு நிறையைச் சொல்லிவிடுகிறேன். எச்.ஜி.வெல்ஸ் திரைக்கதை எழுதி 1936இல் வெளிவந்த 'திங்ஸ் டு கம்' என்ற படத்தில், 1940ஆம் ஆண்டின் கிறிஸ்துமஸ் நாளில் ஒரு பெருநகரத்தின்மேல் விமானங்கள் வந்து குண்டு போடுகின்றன. உண்மையான போர் 1939 செப்டம்பரில் தொடங்கியது. அடுத்த செப்டம்பரில் லண்டன் எரிந்தது. இரவில் வீட்டுக்குள் உறங்குகிறவனைத் தேடிப் போர் வானத்திலிருந்து வரும் என்பதைத் திரை முன்கூட்டியே சரியாகச் சொன்ன தருணம் அது.

அதற்குப் பிறகு வந்த பல படங்கள் நாளையைச் சொல்வதாகக் கூறிக்கொண்டு நேற்றைய போரையே மறுபடி நடத்தின. 1977இல் வந்த 'ஸ்டார் வார்ஸ்' படத்தின் விண்வெளிச் சண்டைகளைத் தொகுக்கும்போது, சிறப்புக் காட்சிகள் தயாராகும்வரை இரண்டாம் உலகப்போர் விமானச் சண்டைப் படச்சுருள்களைத்தான் இடையில் ஒட்டி வைத்திருந்தார் ஜார்ஜ் லூகாஸ். காற்றே இல்லாத வெளியில் அந்தக் கலங்கள் இறக்கையைச் சாய்த்துத் திரும்புவதும் உறுமுவதும் அந்தப் பரம்பரையிலிருந்து வந்த பழக்கங்கள். அந்தப் படத்துக்கும் நியாயமாக ஒன்றைச் சொல்ல வேண்டும். அதன் கலங்களில் கறையும் கீறலும் இருக்கும், புறப்படும் நேரத்தில் பழுதாகும். கொல்லன் கொட்டிலை ஓரளவு எட்டிப் பார்த்த படம் அது. 'எட்ஜ் ஆஃப் டுமாரோ' 2014 ஜூன் 6 அன்று அமெரிக்காவில் வெளியானது. கவச உடை அணிந்த வீரர்கள் வேற்றுக்கோள் விலங்குகளோடு பொருதப் பிரான்சின் கடற்கரையில் இறங்குகிறார்கள். நார்மண்டிக் கரையில் நேச நாட்டுப் படைகள் இறங்கி அன்றோடு சரியாக 70 ஆண்டு நிறைந்திருந்தது.

நம் பழைய படம் ஒன்றை இங்கே நினைக்காமல் இருக்க முடியவில்லை. எம்.ஜி.ஆரும் பானுமதியும் நடித்து 1963இல் வந்த 'கலை அரசி'யில் வேற்றுக்கோளிலிருந்து ஆட்கள் வருகிறார்கள். எதற்கு? பாட்டுச் சொல்லிக்கொடுக்க ஆள் தேடி. ஹாலிவுட்டுக்கு வந்தவர்கள் எல்லோரும் பூமியைப் பிடிக்க வந்தபோது, கோடம்பாக்கத்துக்கு வந்தவர்கள் வாத்தியாரம்மாவைத் தூக்கிக்கொண்டு போக வந்தார்கள்.

இப்போது நான் முக்கியமாகப் பேச வந்த இடத்துக்கு வருகிறேன். 1983 ஜூன் 3 அன்று 'வார்கேம்ஸ்' என்ற படம் வெளிவந்தது. ஒரு பள்ளி மாணவன் விளையாட்டு என்று நினைத்து அமெரிக்க அணு ஆயுதக் கணினிக்குள் நுழைந்துவிடுகிறான் என்பது கதை. எல்லோரும் அந்தப் பையனை நினைவில் வைத்திருக்கிறார்கள். எனக்கு அதன் முதல் காட்சிதான் மறக்கவில்லை. நிலத்தடி ஏவுகணை அறையில் இரண்டு அதிகாரிகள் அமர்ந்திருக்கிறார்கள். ஏவச் சொல்லி ஆணை வருகிறது. இருவரும் சேர்ந்து சாவியைத் திருப்ப வேண்டும். ஒருவர் திருப்ப மறுக்கிறார். மற்றவர் துப்பாக்கியை நீட்டுகிறார். வந்தது ஒத்திகை ஆணை என்பது பிறகு தெரிகிறது. இப்படி 22 விழுக்காட்டினர் சாவியைத் திருப்பவில்லை என்று கணக்குப் பார்த்து, மனிதர்களை அந்த அறைகளிலிருந்து எடுத்துவிட்டுக் கணினியிடம் பொறுப்பை ஒப்படைக்கிறார்கள். மனிதனின் தயக்கத்தை ஒரு பழுதாகக் கருதி நீக்கிவிடுகிற அந்த ஒரு முடிவிலிருந்துதான் படத்தின் ஆபத்து முழுவதும் விளைகிறது.

மறுநாளே அதிபர் ரீகன் அந்தப் படத்தைப் பார்த்தார். இப்படி உண்மையில் நடக்குமா என்று அவர் படைத்தலைவர்களிடம் கேட்க, விசாரித்துவிட்டு வந்த தளபதி, நீங்கள் நினைப்பதைவிட நிலைமை மோசம் என்று சொன்னதாகப் பதிவாகியிருக்கிறது. 1984 செப்டம்பரில் கணினிப் பாதுகாப்புக்கென்று ஓர் அதிபர் ஆணையே பிறந்தது. பொழுதுபோக்குப் படம் ஒன்று அரசாணைக்கு விதை போட்டது என்று இதைப் பலரும் வியந்து பேசுகிறார்கள்.

ஆனால் படம் வந்த நான்கு மாதத்துக்குள், 1983 செப்டம்பர் 26 அன்று, அப்போது எவரும் படம்பிடிக்காத ஒன்று மாஸ்கோவுக்கு அருகே ஒரு நிலவறையில் நடந்தது. சோவியத் செயற்கைக்கோள் எச்சரிக்கை அமைப்பின் முன் பணியில் இருந்தவர் ஸ்தனிஸ்லாவ் பெத்ரோவ் என்ற அதிகாரி. அமெரிக்கா ஓர் ஏவுகணையை ஏவிவிட்டது என்று திரை சொன்னது. பிறகு மேலும் நான்கு என்றது. மூன்று வாரத்துக்கு முன்புதான் கொரியப் பயணிகள் விமானம் ஒன்றைச் சோவியத் படை சுட்டு வீழ்த்தியிருந்தது. இரு தரப்பும் தீக்குச்சியும் வைக்கோலுமாக இருந்த காலம். போரைத் தொடங்குகிறவன் ஐந்தே ஐந்து ஏவுகணைகளோடு தொடங்குவானா என்று பெத்ரோவ் யோசித்தார். தரை ரேடார்களும் எதையும் காட்டவில்லை. கருவிக் கோளாறு என்று மேலிடத்துக்குச் சொன்னார். உயர மேகங்களில் பட்டுத் திரும்பிய வெயிலைத்தான் செயற்கைக்கோள் நெருப்பு என்று எடுத்துக்கொண்டிருந்தது. கருவி தன் கடமையைச் செய்தது, மனிதர் தயங்கினார். அந்தத் தயக்கத்தால்தான் நாம் இன்று இந்த மண்டபத்தில் அமர்ந்து காபி குடித்துக்கொண்டிருக்கிறோம்.

இதை மனத்தில் வைத்துக்கொண்டு 1984இல் வந்த 'டெர்மினேட்டர்' படத்தைப் பாருங்கள். அது நமக்குள் ஏற்றிய அச்சம், இயந்திரம் ஒருநாள் நம் பேச்சை மீறும் என்பது. அந்த எந்திரத்தின் கண் வழியே சிவப்பாக விரியும் உலகத்தின் ஓரத்தில் எழுத்துகள் ஓடும். அவற்றில் பல, அக்காலத்து ஆப்பிள் கணினிக்கான சாதாரண நிரல் வரிகள் என்பது வேடிக்கை. நாற்பது ஆண்டாக நாம் அந்த மீறலுக்கே பயந்துகொண்டிருக்கிறோம். பெத்ரோவின் இருக்கையில் ஓர் எந்திரம் இருந்திருந்தால் அது மீறியிராது என்பதுதான் எனக்கு அதைவிடப் பெரிய அச்சமாகப் படுகிறது.

இந்தக் கேள்வியை நேருக்கு நேர் தொட்ட படம் தமிழில் இருக்கிறது என்று சொன்னால் சிலர் சிரிக்கக்கூடும். 2010இல் வந்த 'எந்திரன்' படத்தில், இராணுவத்துக்காகச் செய்யப்பட்ட சிட்டி என்ற எந்திர மனிதனை மதிப்பிட ஒரு குழு அமர்கிறது. குழுவில் இருக்கும் விஞ்ஞானி போரா அதன் கையில் கத்தியைக் கொடுத்து, உன்னைப் படைத்தவனைக் குத்து என்கிறார். அது கொஞ்சமும் யோசிக்காமல் குத்தப் போகிறது. நல்லது கெட்டது தெரியாத எந்திரம் என்று அங்கீகாரம் மறுக்கப்படுகிறது. மறுத்தவரின் உள்நோக்கம் வேறு. ஆனாலும் மறுத்த காரணம் சரியானது. பாம்பாகவும் பந்தாகவும் எந்திரங்கள் உருண்டு திரளும் கடைசிக் காட்சிகள்தான் பேசப்பட்டன. அந்தத் திரளும் முழுக் கற்பனையாக நிற்கவில்லை. 2021 ஜனவரி 15 அன்று டெல்லியில் நடந்த தரைப்படை நாள் அணிவகுப்பில் 75 ட்ரோன்கள் கூட்டமாகப் பறந்து தாக்கிக் காட்டின. ஆயினும் அந்தக் கத்திக் காட்சியை நான் மேலாக மதிக்கிறேன். அந்தப் படத்தின் எழுத்தில் பங்கிருந்த சுஜாதா, இதே ஊரில் ஜாலஹள்ளியில் பாரத் எலெக்ட்ரானிக்ஸில் பொறியாளராக இருந்தவர். கருவி சொன்னபடி நடப்பது எப்போது ஆபத்து என்பது அவருக்குத் தொழில்முறையில் தெரிந்திருக்கும். 1986இல் அவர் எழுதிய 'விக்ரம்' படத்தில் கடத்தப்படும் ஏவுகணையின் பெயர் அக்னிபுத்ரா. மூன்றாண்டு கழித்து 1989 மே மாதத்தில் இந்தியா தன் அக்னியை முதல்முறை ஏவியது.

தானே இலக்கைத் தேர்ந்து கொல்லும் ஆயுதங்களைப் பற்றிய தீர்மானம் ஒன்று 2023 டிசம்பரில் ஐ.நா. பொதுச்சபையில் வாக்கெடுப்புக்கு வந்தது. 152 நாடுகள் ஆதரித்தன. எதிர்த்த நான்கில் இந்தியாவும் ஒன்று. இதை ஜெனீவாவில் ஏற்கெனவே நடக்கும் பேச்சுவார்த்தையிலேயே பேச வேண்டும் என்பது நம் அரசின் வாதம். வாதத்தில் பொருள் உண்டு என்றாலும், ஜெனீவாவில் அந்தப் பேச்சு பத்தாண்டாக நடந்துகொண்டே இருக்கிறது என்பதையும் சொல்ல வேண்டும்.

கொல்லன் கொட்டிலுக்குத் திரும்புகிறேன். உக்ரைனில் இன்று நடக்கும் போரின் கொட்டில், வீட்டு அடித்தளங்களும் வண்டிக் கொட்டகைகளும்தான். சில நூறு டாலருக்கு ஒரு ட்ரோனைக் கட்டி, பல லட்சம் டாலர் பெறுமான டாங்கியின்மேல் மோதுகிறார்கள். ரேடியோ அலையை எதிரி குலைத்தால், தலைமுடி போன்ற கண்ணாடி இழையைப் பின்னால் அவிழ்த்துக்கொண்டே பறக்கும் ட்ரோனை அனுப்புகிறார்கள். போர் நகர்ந்துபோன வயல்களில் அந்த இழைகள் சிலந்தி நூலாகப் படர்ந்து கிடக்கின்றன. அதற்கு மாற்று என்ன தெரியுமா? மீன் வலை. பிரான்சின் பிரிட்டனிக் கரை மீனவர்கள் கழித்துப்போட்ட வலைகளை மூட்டைகட்டி அனுப்ப, அவற்றைக் கம்பங்களில் கட்டிச் சாலைகளுக்குப் பந்தல் போட்டிருக்கிறார்கள். காசிமேட்டில் உலர்த்திக் கிடப்பது போன்ற வலை. கதிர்வாளையும் ஒளிக்கவசத்தையும் கற்பனை செய்த எந்தப் படமும் நான் அறிந்தவரை இந்த வலையைக் கற்பனை செய்யவில்லை. நம்மூர் தாரமண்டலப்பேட்டையில் திப்புவின் ஆட்கள் இரும்புக் குழாயில் மருந்து அடைத்து ராக்கெட் செய்த கொட்டில்களைப் பார்த்திருந்தால், ஒருவேளை அந்த இயக்குநர்களுக்குத் தோன்றியிருக்கும்.

சென்ற மாதம் எங்கள் அடுக்ககத்தில் மேல்வீட்டுப் பையன், பொறியியல் மாணவன், பந்தய ட்ரோன் ஒன்றைச் சாப்பாட்டு மேசையில் வைத்துக் கட்டி முடித்தான். உள்ளங்கையைவிடச் சற்றுப் பெரியது. நான்கு மோட்டார், நாடாவால் கட்டிய பேட்டரி, ஈயம் உருகிய வாசனை இன்னும் போகவில்லை. "அங்கிள், போட்டுப் பாருங்க" என்று, ட்ரோனின் காமிரா காண்பதைக் காட்டும் கண்மூடிக் கண்ணாடியை என் தலையில் மாட்டிவிட்டு மொட்டைமாடியிலிருந்து பறக்கவிட்டான். தென்னையின் குருத்து தெரிந்தது. தண்ணீர்த் தொட்டியின் மூடி, அதன்மேல் ஒரு காகம். பிறகு படம் சட்டென்று திரும்பி, மாடியின் நடுவே பிளாஸ்டிக் நாற்காலியில் முகத்தில் ஏதோ பெட்டியை மாட்டிக்கொண்டு வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்த ஒரு வழுக்கைத் தலையின்மேல் வந்து நின்றது. யார் இந்த ஆள் என்று ஒரு கணம் நினைத்தேன்.