நாலு எழுத்து இருக்கு, சத்தம் இல்ல

வணக்கம் நேயர்களே. எபிரேய பைபிள்ல யூதங்களோட கடவுளுக்கு இருக்கற பேரப் பத்தி பேச வாங்கன்னு கூப்பிட்டப்ப எனக்கு சிரிப்புதான் வந்துச்சு, ஏன்னா எழுதலாம் ஆனா வாயால சொல்லக்கூடாதுன்னு ஒரு சனமே ரெண்டாயிரம் வருஷமா கட்டிக் காத்துட்டு வர்ற பேரு இது, ரேடியோவுலயோ எழுதிக் காட்ட வழியில்ல, எல்லாத்தையும் வாயாலயே சொல்லியாகணும். சரி, முடிஞ்ச வரைக்கும் பாப்போம்.

பேரு மொத்தம் நாலே எழுத்து. யோத், ஹே, வாவ், ஹே. எபிரேயம் வலது பக்கத்துலேர்ந்து எழுதற மொழி, அதனால கண்ண மூடிட்டு வலதுலேர்ந்து வாங்க. யோத் அந்த மொழியிலேயே ரொம்ப சின்ன எழுத்து, வரிக்கு மேல ஒரு கமாவ தொங்கவிட்ட மாதிரி இருக்கும். அடுத்து ஹே, வாசல் நிலை மாதிரி, ஆனா இடது பக்க கால் மட்டும் மேல உத்தரத்துல ஒட்டாம கொஞ்சம் கீழ தனியா நிக்கும். வாவ் நெட்டுக்குத்தா ஒரு ஆணி, அந்த பேருக்கே கொக்கின்னுதான் அர்த்தம். அப்புறம் இன்னொரு ஹே. அவ்ளோதான். எபிரேய பைபிள்ல இது 6,800 தடவைக்கு மேல வருது, கடவுள்ங்கற பொதுச்சொல்லா இருக்கற எலோஹிம் இதுல பாதி தடவ கூட வரல.

இதுல சிக்கல் என்னன்னா அந்தக் காலத்து எபிரேய எழுத்துல மெய்யெழுத்து மட்டும்தான் எழுதுவாங்க, உயிர் ஓசைய படிக்கறவன் தானா போட்டுக்கணும். "ப்ட்ம்"னு நான் எழுதிக் குடுத்தா நீங்க படம்னும் படிக்கலாம், பாடம்னும் படிக்கலாம், பீடம்னும் படிக்கலாம், சுத்தி இருக்கற வாக்கியத்த வச்சுத்தான் முடிவு பண்ணுவீங்க. நம்ம ஓலைச்சுவடியிலயும் ஓலை கிழிஞ்சிடும்னு புள்ளி வைக்க மாட்டாங்களே, பாட்டு தெரிஞ்சவன்தான் சரியா படிப்பான், கிட்டத்தட்ட அந்த கதைதான். தினம் வாயில வர்ற சொல்லுன்னா பிரச்சனையே இல்ல, அப்பா புள்ளைக்கு சொல்லிக் குடுத்துடுவாரு. ஒரு சொல்ல வாயாலயே சொல்றத நிறுத்திட்டா? அங்கதான் ஆரம்பிக்குது வம்பு.

அர்த்தத்துக்கு வருவோம். இத பைபிளே ஒரு இடத்துல சொல்ல வருது, வந்துட்டு நழுவிடுது. பைபிளோட ரெண்டாவது புத்தகம் யாத்திராகமம், 3-ஆம் அதிகாரம், முட்செடி எரியுது ஆனா கருகல, மோசே செருப்ப கழட்டிட்டு நின்னுட்டு கடவுள்கிட்ட கேக்கறாரு, சனங்க உங்க பேரு என்னன்னு கேட்டா நான் என்ன சொல்லன்னு. பதில் வருது, எஹ்யே அஷேர் எஹ்யே. பழைய தமிழ் பைபிள்ல இது "இருக்கிறவராக இருக்கிறேன்". நமக்கு கேக்கறப்பவே ஏதோ பெரிய தத்துவம் மாதிரி இருக்குல்ல? ஆனா எஹ்யேங்கற வினை முடியாத செயல சொல்ற வடிவம், இருக்கேன்னும் சொல்லலாம் இருப்பேன்னும் சொல்லலாம். இத நம்பலன்னா ரெண்டு வசனம் மேல ஏறிப் பாருங்க, 12-ஆம் வசனத்துல மோசே பயப்படறப்ப "நான் உன்னோடே இருப்பேன்"னு வருதே, அந்த இருப்பேனும் இதே எஹ்யேதான், ஒரே சொல்லு மேல இருப்பேன், கீழ இருக்கிறேன். 11-ஆம் நூற்றாண்டுல பிரான்சுல இருந்த ராஷிங்கற பெரிய யூத உரையாசிரியர், இந்த கஷ்டத்துல கூட இருக்கற மாதிரி இனி வர்ற கஷ்டத்துலயும் கூட இருப்பேன்னுதான் அர்த்தம் சொல்றாரு. எனக்கும் அதுதான் சரின்னு படுது, எகிப்துல செங்கல் அறுத்துட்டு அடி வாங்கிட்டு இருக்கற அடிமைங்ககிட்ட போயி "நான் இருப்பே ஆனவன்"னு சொன்னா அவங்க என்ன பண்ணுவாங்க, கூட இருக்கேன்னு சொன்னாத்தான கிளம்பி வருவாங்க. தத்துவ வாசம் எல்லாம் கிரேக்கத்துல மொழிபெயர்த்தப்ப "இருக்கிறவர் நானே"ன்னு போட்டாங்க பாருங்க, அங்கேர்ந்து ஒட்டிக்கிச்சு.

ஆக கடவுள் தன்னைப் பத்தி சொன்னா எஹ்யே, அத நாம படர்க்கையில சொன்னா அந்த நாலெழுத்து, இதுதான் பைபிளோட விளக்கம். இன்னும் ரெண்டு கட்சி இருக்கு. அமெரிக்க ஆய்வாளர் ஆல்பிரைட், இது பிறவினை வடிவம், இருக்கறவர் இல்ல இருக்கவைக்கறவர், அதாவது உண்டாக்கறவர்னு சொன்னாரு. இன்னொரு கட்சி அரபியில காத்து வீசறதுக்கு இருக்கற வேர்ச்சொல்ல காட்டி, ஆதியில இது புயல் மழை தெய்வமா இருந்திருக்கும்னு சொல்லுது. மூச்சு இழுத்து விடற சத்தம்தான் இந்த பேருன்னு வாட்ஸ்அப்புல ஒண்ணு சுத்துது, கேக்க அழகாத்தான் இருக்கு, ஆனா மொழியியல்ல அதுக்கு ஆதாரம் கிடையாது.

சரி இந்த பேரு எங்கேர்ந்து வந்துச்சு? பைபிள்ல இருக்கற பழைய பாட்டுங்கள கவனிச்சா ஒரு விஷயம் திரும்பத் திரும்ப வரும், அவர் சேயீர்லேர்ந்து வந்தாரு, ஏதோம்லேர்ந்து வந்தாரு, தேமான்லேர்ந்து வந்தாருன்னு. எல்லாமே தெற்கு, பாலைவனப் பக்கம். மோசே ஆடு மேய்ச்சிட்டு இருந்தது மீதியான் தேசத்து மாமனார் வீட்டு ஆடு, அந்த மாமனாரும் ஒரு பூசாரி, அதனால மாமனார் ஊர் சாமிதான் இவங்களுக்கு வந்துச்சோன்னு ஒரு கருத்து ரொம்ப நாளாவே இருக்கு. இதுக்கு தோதா சூடான்ல சோலெப்ங்கற ஊர்ல மூணாம் அமென்ஹோடெப் கட்டின எகிப்திய கோயில் இருக்கு, கி.மு. 14-ஆம் நூற்றாண்டு, அங்க தூண்ல ஷாசுன்னு சொல்ற நாடோடிங்களோட நிலங்கள்ல ஒண்ணுக்கு கிட்டத்தட்ட இதே பேரு வெட்டியிருக்கு. அதுதான் இதுவான்னு ஆய்வாளர்கள் இன்னும் சண்டை போட்டுட்டுத்தான் இருக்காங்க.

சண்டையே இல்லாத சாட்சி வேணும்னா அது எதிரி வாயிலேர்ந்து வருது. மோவாப் ராஜா மேசா, கி.மு. 840 வாக்குல ஒரு கருங்கல்லுல தன் பெருமைய வெட்டி வச்சாரு, இஸ்ரவேல்கிட்டேர்ந்து நேபோங்கற ஊர பிடிச்சேன், யாவேயோட (நம்ம நாலெழுத்த ஆய்வாளர்கள் இப்படித்தான் படிக்கறாங்க) பொருள எல்லாம் அங்கேர்ந்து இழுத்துட்டு வந்து என் சாமி கேமோஷ் முன்னாடி போட்டேன்னு. 1868-ல ஜோர்டான்ல திபான்ங்கற இடத்துல ஒரு மிஷனரி கண்ணுல இந்த கல்லு பட்டுச்சு, வெளிநாட்டுக்காரங்க ஆளாளுக்கு விலை பேசவும் ஊர்க்காரங்க கோவத்துல கல்ல நெருப்புல காய்ச்சி பச்சத் தண்ணி ஊத்தி ஒடச்சிட்டாங்க. நல்லவேளை அதுக்கு முன்னாடியே ஈரக் காகிதத்த ஒத்தி ஒரு அச்சு எடுத்து வச்சிருந்தாங்க, அத வச்சு ஒட்டுன கல்லு இன்னைக்கு பாரிஸ் லூவ்ர் மியூசியத்துல நிக்குது.

இப்ப நான் முக்கியமா சொல்ல வந்தது. அந்தக் காலத்துல இது சாதாரணமா வாயில வந்த பேரு. ரூத் புத்தகத்துல போவாஸ் வயலுக்கு வர்றாரு, அறுப்பு அறுக்கற ஆளுங்களப் பாத்து கர்த்தர் உங்களோடே இருப்பாராகன்னு சொல்றாரு, அவங்களும் பதிலுக்கு சொல்றாங்க, அந்த கர்த்தர்ங்கற இடத்துல மூலத்துல இருக்கறது நம்ம நாலெழுத்து. நாம வணக்கம்னு சொல்ற மாதிரி வயக்காட்டுல சொல்லிட்டு இருந்திருக்காங்க. யூதா தேசத்து லாகீஸ் கோட்டையில பானை ஓட்டுல மையால எழுதின லெட்டருங்க கிடைச்சது, பாபிலோன்காரன் படையெடுத்து வர்ற நேரம், எழுதறவன் ஒரு சிப்பாய், "யாவே என் எஜமானுக்கு இன்னைக்கே நல்ல சேதி கேக்கவைக்கட்டும்"ங்கற மாதிரிதான் ஆரம்பிக்கறான், நம்ம ஆளுங்க நலம் நலமறிய ஆவல்னு எழுதுவாங்களே அந்த கணக்கா.

அதவிட எனக்கு பிடிச்சது அந்த தாயத்து. 1979-ல எருசலேம்ல கேபிரியேல் பர்க்காய்ங்கற தொல்லியல்காரர் பழைய கல்லறை குகைங்கள தோண்டிட்டு இருக்காரு, உதவிக்கு பள்ளிக்கூடப் பசங்க. அதுல பன்னெண்டு பதிமூணு வயசுல ஒரு பையன், நச்சரிப்பு தாங்காம அவன ஒரு மூலையில இத சுத்தம் பண்ணுன்னு விட்டுட்டாரு, அவன் போரடிச்சுப் போய் சுத்தியால தரைய தட்ட, தரைன்னு எல்லாரும் நெனச்சது விழுந்து கிடந்த மேற்கூரை, அடியில யாரும் தொடாத புதையல். அதுல பீடித்துண்டு மாதிரி சுருட்டின ரெண்டு வெள்ளித் தகடு. பிரிச்சா தூளாயிடும், அதனால பிரிக்கறதுக்கே மூணு வருஷம் ஆச்சு. பெரிய தகடே விரிச்சா 10 சென்டிமீட்டர்கூட இல்ல, அதுல முடி கனத்துக்கு கீறி எழுதியிருக்கு, முதல்ல கண்ணுக்கு பிடிபட்ட சொல்லு யோத் ஹே வாவ் ஹே. கர்த்தர் உன்னை ஆசீர்வதித்து உன்னைக் காக்கக்கடவர்னு இன்னைக்கும் சர்ச்சுல சொல்றாங்களே, கிட்டத்தட்ட அந்த வரிங்கதான், சுமார் கி.மு. 600. யாரோ ஒருத்தரு அந்த பேர கழுத்துல மாட்டிட்டு திரிஞ்சிருக்காரு பாருங்க, காத்து கருப்பு அண்டாம இருக்க.

அப்படி கழுத்துல கிடந்த பேரு எப்படி நாக்குக்கு எட்டாம போச்சுன்னா, ஒரே நாள்ல இல்ல. உன் தேவனோட பேர வீணா சொல்லாதேன்னு கட்டளை இருக்கு, வீணா சொல்லிடுவோமோங்கற பயத்துல சொல்றதையே குறைச்சிட்டாங்க, வேலிக்கு வெளியில இன்னொரு வேலி. எருசலேம் கோயிலோட கடைசி காலத்துல, யோம் கிப்பூர்ங்கற பாவமன்னிப்பு நாள் அன்னைக்கு பிரதான ஆசாரியர் வாயிலேர்ந்து அந்த பேரு முழுசா வரும், முற்றத்துல நிக்கற சனமெல்லாம் கேட்ட உடனே தரையில முகம்படிய விழும்னு மிஷ்னாங்கற பழைய யூத சட்டத் தொகுப்பு சொல்லுது. கி.பி. 70-ல ரோமாக்காரன் கோயில இடிச்சான், அதோட சொல்ற இடமும் போச்சு. ரப்பிங்க, அதாவது யூத குருமாருங்க, நம்பிக்கையான சீடனுக்கு மட்டும் ஏழு வருஷத்துக்கு ஒருதரம் உச்சரிப்ப சொல்லிக் குடுப்பாங்கன்னு தால்முத்துல, அதாவது மிஷ்னாவுக்கு வந்த பெரிய விளக்கத்துல வருது. உடனே உங்களுக்கு புருஷன் பேரச் சொல்லாத நம்ம பாட்டிங்க ஞாபகம் வந்திருக்கும். பாதி சரிதான், ஆனா பாட்டிக்கு தாத்தா பேரு தெரியும், ரேஷன் கடையில கேட்டா பேரனப் பாத்து நீ சொல்லுடாம்பாங்க. இங்க பேரன்களுக்கும் தெரியாம போச்சு.

படிக்கறப்ப நாலெழுத்து வந்தா அதோனாய்னு சொல்லிடுவாங்க, என் ஆண்டவர்னு அர்த்தம். வெளியில சாதாரணமா பேசறப்ப அதுவும் இல்ல, ஹஷேம், அதாவது "அந்தப் பேரு". 1947-லேர்ந்து சாக்கடல் குகைங்கள்ல கிடைச்ச சுருள்கள்ல சிலதுல இந்த நாலெழுத்த மட்டும் வழக்கொழிஞ்ச பழைய லிபியில எழுதியிருக்காங்க, சிலதுல நாலு புள்ளி மட்டும். கிரேக்கத்துல மொழிபெயர்த்த சில பிரதியிலயும் நடுவுல இத எபிரேய எழுத்தாவே விட்டுட்டாங்க, அப்ப ஒரு கூத்து நடந்துச்சு, எபிரேயம் தெரியாத கிரேக்கன் அத இடமிருந்து வலமா பாத்தா ஹே அவன் ஊரு பை எழுத்து மாதிரியும் யோதும் வாவும் அவன் ஊரு இகரம் மாதிரியும் தெரியுது, "பிபி"ன்னு படிச்சிட்டான். இது நான் சொல்ற ஜோக் இல்ல, லத்தீன் பைபிள் மொழிபெயர்த்த ஜெரோமே எழுதி வச்சிருக்காரு.

அப்ப யெகோவா எங்கேர்ந்து வந்துச்சு? கலிலேயா கடலோரத்துல திபேரியா ஊர்ல மசோரேத்துங்கன்னு யூத அறிஞர்கள், கி.பி. 10-ஆம் நூற்றாண்டுக்குள்ள பைபிள் முழுக்க உயிர்க்குறிங்க போட்டு முடிச்சாங்க, நாலெழுத்து வர்ற இடத்துல படிக்கறவன் மறந்து வாய்தவறி சொல்லிடக்கூடாதேன்னு அதோனாய்க்கு உண்டான குறிய அடியில போட்டு வச்சாங்க. அது எச்சரிக்கை போர்டு. இடைக்கால கிறிஸ்தவ பண்டிதருங்க வந்து போர்டையும் சேத்தே படிச்சிட்டாங்க, இந்த எழுத்து, அந்த ஓசை, ரெண்டும் கலந்து யெஹோவா. 1530-ல பைபிள மொழிபெயர்த்த டிண்டேல் இங்கிலீஷ்லயும் போட்டுட்டாரு. தமிழுக்கு வர்றப்ப ஹ இல்லாததால யேகோவா ஆச்சு. இதுல ஒரு வேடிக்கை, பக்தியுள்ள யூதங்க எழுத்துக்கூட்டி சொல்றப்ப கூட ஹேன்னு சொல்லாம "கே"ன்னு மாத்தித்தான் சொல்வாங்க, யோத் கே வாவ் கேன்னு, தமிழ் எழுத்து தெரியாமயே அந்த மரியாதைய பண்ணிடுச்சு. யாவேங்கறது சமாரியருங்க எப்படி சொன்னாங்கன்னு பழைய கிரேக்க சபைத் தலைவருங்க எழுதி வச்சத கொண்டு 19-ஆம் நூற்றாண்டு ஆய்வாளர்கள் கட்டினது. 2008-ல வத்திக்கான் வழிபாட்டுலயும் பாட்டுலயும் அத சொல்லாதீங்கன்னு கடிதம் போட்டுடுச்சு.

தமிழ் பைபிள்ல பெரும்பாலும் யேகோவா இல்ல, கர்த்தர்தான். அதோனாய கிரேக்கத்துல கிரியோஸ் ஆக்கினாங்க, அந்த வழியில வந்தது இது, அதனால ஞாயித்துக்கிழமை கர்த்தர்னு வாசிக்கற ஒவ்வொருத்தரும் தெரியாமலே யூத வழக்கத்தத்தான் கடைப்பிடிக்கறாங்க. ஆனா பாருங்க, அதோனாய்க்கு நேர் சொல்லு ஆண்டவர், கர்த்தர் கிடையாது, கர்த்தாங்கறது வடமொழி வேர்ல செய்றவர், உண்டாக்கறவர். ஆல்பிரைட் சொன்ன பிறவினை அர்த்தம் ஞாபகம் இருக்கா? மொழிபெயர்த்தவங்க அத நெனச்சு போட்டிருக்க வாய்ப்பே இல்ல, அவருக்கு ரொம்ப முந்தினவங்க. இத முதல்ல கவனிச்சப்ப நான் பேனாவ கீழ வச்சிட்டேன்.

பேரு முழுசா ஒளிஞ்சும் போகல. அல்லேலூயாவுல கடைசி "யா" அதுதான், யாவை துதிங்கன்னு அர்த்தம். எலியா, ஏசாயா, எரேமியா எல்லாத்துலயும் வாலுல இருக்கு, யோவான்ல தலையில இருக்கு, அந்த யோவான்தான் இங்கிலீஷ் வழியா வந்து உங்க தெரு ஜான்.

யூதங்க எழுத்துக்கே எண் மதிப்பு உண்டு, யோத் பத்து, ஹே அஞ்சு, அப்ப 15 எழுதணும்னா யோத் ஹே வரணும், அது பேரோட பாதி, அதனால அப்படி எழுதாம ஒம்போதும் ஆறும் சேத்து எழுதுவாங்க, 16-க்கு ஒம்போதும் ஏழும். இன்னைக்கும் அவங்க காலண்டர்ல அப்படித்தான். தோராங்கற வேதச் சுருள் எழுதறவரு இந்த பேரு எழுதற நேரத்துல ராஜாவே வந்து நலம் விசாரிச்சாலும் பதில் சொல்லக்கூடாது, எழுதினத அழிக்கவும் கூடாது, தப்பாகிப் போன தோல் ஏட்ட தனியா எடுத்து புதைப்பாங்க. பேரு இருக்கற பேப்பர தூக்கிப் போடக்கூடாதுன்னு கெய்ரோவுல ஒரு ஜெப ஆலயத்து அறையில நூத்துக்கணக்கான வருஷமா போட்டு வச்சதுதான் 1896-97-ல சாலமன் ஷெக்டர்ங்கற யூத அறிஞர் கேம்பிரிட்ஜுக்கு எடுத்துட்டுப் போன குவியல், லட்சக்கணக்கான துண்டு, கடைக் கணக்கு கல்யாணப் பத்திரம் உட்பட.

இப்ப என் கையில இருக்கற இந்த குறிப்புத் தாள்ல, உங்களுக்கு எழுத்து எப்படி இருக்கும்னு சொல்றதுக்காக, உச்சியில அந்த நாலயும் பேனாவால எழுதி வச்சிருக்கேன். ஸ்டுடியோ வாசல்கிட்ட குப்பைக்கூடை ஒண்ணு இருக்கு, பேசி முடிச்சவங்க தாள கிழிச்சு அதுல போட்டுட்டுப் போறாங்க. நான் இத மடிச்சு பையில வச்சுக்கறேன். நன்றி, வணக்கம்.