காயாம்பூவும் மயிலின் கழுத்தும்

நேயர்களுக்கு வணக்கம். திருமாலைக் காயாம்பூ வண்ணன் என்று பாடக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஆயினும் அந்தக் காயாவை நேரில் கண்டு, இதுதான் என்று சுட்டிக்காட்டக் கூடியவர்கள் நம்மில் மிகச் சிலரே. அதற்கு மரமும் ஒரு காரணம். தாவரவியலார் மெமிசிலான் அம்பெல்லேட்டம் என்று குறிக்கும் இது, ஊர்ப்புறங்களில் காசான், காசா, அல்லி என்னும் பெயர்களால் வழங்கும் புதர் அல்லது சிறுமரம். எதிரெதிராக அமைந்த தடித்த இலைகளில் பக்க நரம்புகள் கண்ணுக்கு எளிதில் புலப்படா. பூவில்லாத நாளில் இதைக் கடந்து செல்பவர் எவரும் திரும்பிப் பார்க்க மாட்டார்.

குறுந்தொகை 183ஆம் பாடலில் ஒளவையார் இதை மறைக்கவில்லை. பொலிவற்றது என்ற பொருளில் 'புல்லென் காயா' என்று சொல்லிவிட்டு, அதன் பூத்த பெருங்கிளை மயிலின் கழுத்தைப் போலத் தோன்றும் என்கிறார். நிறத்தை மட்டும் கருதிய உவமை என்றே நெடுங்காலம் எண்ணியிருந்தேன். பூத்த மரத்தின் அடியில் நின்றபோதுதான் அது பாதி உண்மை என்று விளங்கியது. காயாவின் பூங்கொத்துகள் பெரும்பாலும் இலையுதிர்ந்த பழைய கிளைகளின் கணுக்களிலிருந்தே நேராக வெடித்து வருகின்றன. ஒரு பூவுக்கு நான்கு சிறு இதழ்கள், எட்டு மகரந்தத் தாள்கள்; அகலம் ஒரு சென்டிமீட்டர்கூட இராது. ஆனால் அவை ஆயிரக்கணக்கில் நெருங்கிக் கிளையைச் சுற்றிலும் போர்த்திவிடுவதால், நேற்றுவரை மொட்டையாகத் தெரிந்த கொம்பு, உருண்டு வளைந்த நீலக் கழுத்தாகிவிடுகிறது. நிறத்தோடு வடிவத்தையும் கண்ட பார்வை அது.

நீலப் பூ தரும் இம்மரத்தின் இலை தருவதோ மஞ்சள் சாயம். மண்ணிலுள்ள அலுமினியத்தை இவ்விலைகள் தம்முள் திரட்டி வைப்பவை. துணியில் நிறத்தைப் பிடித்து நிறுத்தப் படிகாரம் செய்யும் வேலையும் அலுமினியத்தின் வேலைதான். சோழமண்டலக் கரையின் சாயத் தொழிலாளர், சிவப்பு ஏற்றும்போது சாயவேரோடு காசா இலையையும் சேர்த்தது வேதியியல் படித்து அன்று, கைப்பழக்கத்தால் அறிந்து.

மகாராஷ்டிரத்தின் மகாபலேசுவர மலைக்காடுகளில் நாவலோடு கலந்து வளரும் இம்மரத்தை அங்கே அஞ்சனி என்பர். நம் பக்கத்தில், கிழக்குக் கடற்கரையின் உலர் பசுமைமாறாக் காடுகளே இதன் வீடு. அக்காடுகளில் பெரும்பகுதி அழிந்து, எஞ்சியவற்றுள் பல கோயில்காடுகளாகவே நிற்கின்றன. புதுச்சேரிக்கு வடக்கே புத்துப்பட்டு அய்யனார் கோயிலைச் சூழ்ந்த காடு அவற்றுள் ஒன்று. அங்கே செல்பவர்கள் குதிரைச் சிலைகளைப் பார்த்துவிட்டுத் திரும்பாமல், சற்று உள்ளே நடந்து, இலைகளுக்குக் கீழே உள்ள பழைய கொம்புகளையும் நிமிர்ந்து பார்க்க வேண்டும். பூ முடிந்திருந்தாலும், கருநீலமாகக் கனிந்த சிறு பழங்கள் அதே கணுக்களில் ஒட்டிக்கொண்டிருக்கக் கூடும்.