முதுகில் எழுதிய பெயர்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

புலம்பெயர்ந்த கலைஞரை இயக்குவது விட்டுவந்த மண்ணின் நினைவா, வந்து சேர்ந்த மண்ணின் அநீதியா? இதுதான் இன்றைய தலைப்பு. அநீதியே என்ற அணியில் நிற்கிறேன்.

எனக்கு முன் பேசிய அக்கா, பிரிட்டனில் வாழும் ஓவியர் லுபைனா ஹிமிதைச் சொன்னார். "கிழக்காப்பிரிக்கத் தீவான சான்சிபாரில் பிறந்தவர். அங்குள்ள பெண்கள் உடுத்தும் காங்கா துணியின் வடிவங்கள் அவர் ஓவியங்களில் வருகின்றன. இது தாய்மண் நினைவு இல்லாமல் வேறென்ன?" என்று கேட்டார்.

அக்கா, அதே ஹிமிதைத்தான் நானும் சாட்சிக்கு அழைக்கிறேன். 1954இல் பிறந்தார். நான்கு மாதக் கைக்குழந்தையாக இருக்கும்போது அப்பா மலேரியாவில் இறந்துபோனார். அம்மா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு இங்கிலாந்து திரும்பிவிட்டார். நான்கு மாதக் குழந்தைக்கு எந்தக் கடற்கரை நினைவிருக்கும்? எந்தத் தெரு? அம்மா துணிகளுக்கு வடிவம் வரைபவர். துணியைப் பார்க்கும் கண்ணை மகள் லண்டன் வீட்டிலேயே பெற்றுவிட்டார். சான்சிபாருக்கு மறுபடி போனபோது அவருக்கு நாற்பது வயது கடந்திருந்தது. அந்தப் பயணமும் ஓவியங்களைத் தந்தது, மறுக்கவில்லை. ஆனால் தூரிகையை எடுக்க வைத்தது அது அல்லவே!

1985இல் லண்டன் ஐசிஏ கலைக்கூடத்தில் கறுப்பின, ஆசியப் பெண் கலைஞர்கள் 11 பேரின் படைப்புகளைத் திரட்டி ஹிமித் ஒரு கண்காட்சி அமைத்தார். அவர்களுக்குக் கிடைத்த இடம் எது தெரியுமா? நடைவழி. மற்றவர்கள் கடந்து போகும் வழியில் இவர்களின் ஓவியங்கள் தொங்கின. அந்தக் கண்காட்சிக்கு அவர் வைத்த பெயர் 'மெல்லிய கறுப்புக் கோடு'. எனக்கு அந்தப் பெயரே ஒரு வழக்குரையாகத்தான் கேட்கிறது.

இப்போது அவர் 2004இல் செய்த படைப்புக்கு வருகிறேன். 'பணத்துக்குப் பெயரிடுதல்' என்று அதைத் தமிழில் சொல்லலாம். ஐரோப்பாவின் பழைய ஓவியங்களில், பட்டுடுத்திய சீமாட்டிக்குப் பக்கத்தில், ஓரமாக ஒரு கறுப்பினச் சிறுவன் தட்டேந்தி நிற்பான். சீமாட்டியின் பெயர் ஓவியச் சட்டகத்தில் இருக்கும், அவன் பெயர் இருக்காது. நாயைப் போல, நகையைப் போல, அவனும் அவளுடைய செல்வத்துக்குச் சான்று.

ஹிமித் அந்த ஓரத்து மனிதர்களை மரப்பலகையில் வெட்டி, வண்ணம் தீட்டி, ஆளுயரத்தில் அறையின் நடுவே நிறுத்தினார். மொத்தம் 100 பேர். மண்பாண்டம் வனைபவர், மூலிகை வைத்தியர், பொம்மை செய்பவர், செருப்புத் தைப்பவர், நிலப்படம் வரைபவர், முரசடிப்பவர் என்று தொழிலுக்குப் பத்துப் பேர். பார்வையாளர் அவர்களுக்கு நடுவில்தான் நடந்தாக வேண்டும். சுற்றிப் பின்னால் போனால், ஒவ்வொருவர் முதுகிலும் கணக்குச் சீட்டு மாதிரி ஒரு தாள். அதில் ஐந்தே வரிகள். என் பெயர் இன்னது. என்னை இவர்கள் இப்படி அழைக்கிறார்கள். முன்பு இதைச் செய்தேன். இப்போது இதைச் செய்கிறேன். ஆனாலும் என்னிடம் இது இருக்கிறது.

இதில் முதல் வரியையும் மூன்றாம் வரியையும் பிடித்துக்கொண்டு, "பார்த்தீர்களா, பழைய மண்" என்று எதிரணி சொல்லக்கூடும். நான் இரண்டாம் வரியைப் படிக்கச் சொல்கிறேன். பெற்றவர் இட்ட பெயரை அழித்து, கூப்பிட வசதியாக ஒரு பெயரை ஒட்டினார்களே, அந்த அநியாயம் நடந்திராவிட்டால் முதல் வரியை எழுதவே தேவை வந்திருக்காது. ஊரில் இருப்பவன் "என் பெயர் இது" என்று முதுகில் எழுதிக்கொண்டா நிற்பான்?

இன்னும் ஒன்று. 2007, பிரிட்டன் அடிமை வணிகத்தைத் தடைசெய்து 200 ஆண்டு. ஹிமித் வாழும் பிரெஸ்டனுக்குப் பக்கத்து ஊர் லான்காஸ்டர். ஒரு காலத்தில் அடிமைக் கப்பல்களை அனுப்பிய துறைமுகம். பழைய தட்டு, கிண்ணம், கூஜா என்று 100 பாத்திரங்களை வாங்கி, அவற்றின் மேலேயே வரைந்தார். சிலவற்றில் கறுப்பின வேலையாட்களின் முகங்கள், சிலவற்றில் தடைச் சட்டத்தைச் சீரணிக்க முடியாமல் வாந்தியெடுக்கும் சீமான்கள். அதை அந்த ஊரிலேயே, நீதிபதிகள் தங்கிய பழைய மாளிகையில் வைத்தார். சான்சிபார் ஏக்கம் இதில் எங்கே இருக்கிறது? தான் குடியிருக்கும் மண்ணிடம், அதன் சாப்பாட்டு மேசையிலேயே கேட்ட கேள்வி அல்லவா இது!

2017இல் பிரிட்டனின் புகழ்பெற்ற கலைப் பரிசான டர்னர் பரிசு அவருக்குக் கிடைத்தது. அதைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர். வயது 63. ஐம்பது வயதைத் தாண்டியவர்களுக்கு 1991 முதல் அதுவரை அந்தப் பரிசு கிடையாது, அந்த ஆண்டுதான் வரம்பை நீக்கினார்கள். நடைவழியிலிருந்து அந்த மேடைக்கு வர 32 ஆண்டுகள்! இதைச் சொல்லும்போது எனக்கு மகிழ்ச்சியைவிடக் கோபம்தான் கூடுதலாக வருகிறது.

நடுவர் அவர்களே, எதிரணி அந்த நூறு பேரின் முகங்களை மட்டும் உங்களுக்குக் காட்டலாம். ஒரு முறை பின்பக்கமாகச் சுற்றி வந்து, அந்த இரண்டாம் வரியைப் படித்துவிட்டுத் தீர்ப்புச் சொல்லுங்கள். நன்றி, வணக்கம்.