மோகன் குமாரமங்கலம்: சுரங்கமும் நீதிமன்றமும்

சேலத்துப் பெரியோர்களே, உருக்காலைத் தோழர்களே, மாணவ நண்பர்களே, வணக்கம்.

நம் ஊர் அரசு மருத்துவக் கல்லூரிக்குப் பெயர் தந்த மோகன் குமாரமங்கலம் யார் என்று கேட்டால், இந்தத் தொகுதியின் உறுப்பினராக இருந்த ரங்கராஜன் குமாரமங்கலத்தின் தந்தை என்பதற்கு மேல் விடை சொல்பவர்கள் குறைந்துவிட்டார்கள். அது எனக்கு வருத்தம் தருகிறது. 1973 ஏப்ரல் கடைசியிலும் மே மாதத் தொடக்கத்திலுமாக, ஒரே வாரத்துக்குள், அவர் மிகச் சரியான ஒரு காரியத்தையும் மிகத் தவறான ஒரு காரியத்தையும் ஒரே உறுதியோடு செய்தார். மக்களின் பெயரால் இயங்கும் அரசின் மீது அவர் வைத்திருந்த நம்பிக்கையே இரண்டுக்கும் ஊற்று என்பதுதான் இன்று நான் சொல்ல வந்த செய்தி.

குடும்பம் திருச்செங்கோட்டுக்கு அருகிலுள்ள குமாரமங்கலம் ஜமீன். தந்தை டாக்டர் ப. சுப்பராயன் 1926 முதல் 1930 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சர். தாய் ராதாபாய் வட்டமேசை மாநாட்டில் கலந்துகொண்டவர். சகோதரர் ஒருவர் இந்தியத் தரைப்படையின் தலைமைத் தளபதி. தங்கை பார்வதி கிருஷ்ணன் கம்யூனிஸ்ட் நாடாளுமன்ற உறுப்பினர். 1916இல் லண்டனில் பிறந்து, ஈட்டனிலும் கேம்பிரிட்ஜிலும் படித்த மோகன், கம்யூனிஸ்டாகவே ஊர் திரும்பினார். 1941இல், ஆங்கிலேய அரசு கம்யூனிஸ்டுகள் மீது தொடுத்த சென்னைச் சதி வழக்கில் சிறை சென்றார். 1960களின் நடுவில் சென்னை அரசின் அட்வகேட் ஜெனரல், அதாவது அரசின் தலைமை வழக்கறிஞர், ஆனார். சாதாரண மனிதனுக்குப் புரியாத மொழியில் நிர்வாகம் நடந்தால் அவன் நாட்டு விவகாரங்களில் பங்கெடுக்க முடியாது என்று, மொழிப் போராட்டம் கொழுந்துவிட்டெரிந்த 1965இலேயே அவர் எழுதியிருந்தார். பிறகு கட்சியை விட்டுக் காங்கிரஸுக்கு வந்து, 1971இல் புதுச்சேரியில் வென்று, இந்திரா காந்தியின் அமைச்சரவையில் உருக்கு, சுரங்கத் துறையை ஏற்றார்.

அந்தத் துறையில் அவர் கண்டது என்ன? இரும்புத் தாதுவை உருக்கும் ஊதுலைக்குக் கோக்காக, அதாவது காற்றில்லாமல் சூடாக்கிப் பெறும் கெட்டிக் கரியாக, மாறக்கூடிய ‘கோக்கிங்’ நிலக்கரி வேண்டும். நம் நாட்டில் அது அளவோடுதான் இருக்கிறது; பெரும்பகுதி இன்றைய ஜார்க்கண்டின் ஜாரியாவில். நிலத்தடியில் கரியை வெட்டும்போது கூரையைத் தாங்கக் கரித் தூண்களை விட்டுவைப்பார்கள். பிறகு அந்தத் தூண்களையும் எடுக்க வேண்டுமானால் வெற்றிடத்தை மணல் கொண்டு நிரப்ப வேண்டும். மணலுக்குச் செலவாகும் என்பதால் தனியார் முதலாளிகள் பலர் அதைச் செய்யவில்லை. எளிதாகக் கிடைத்ததை அள்ளிக்கொண்டு மிச்சத்தை அப்படியே விட்டார்கள். மேல்தளம் இறங்கியது, விரிசல் வழியே காற்று புகுந்தது, உள்ளே கரி தீப்பற்றியது. சேலத்து வெள்ளைக்கல் (மாக்னசைட்) சுரங்கங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. ஊதியக் குழு நிர்ணயித்த கூலியையும் பலர் கொடுக்கவில்லை.

1971 அக்டோபரில் கோக்கிங் நிலக்கரிச் சுரங்கங்களின் நிர்வாகத்தை அரசு எடுத்துக்கொண்டது. 1972 மே 1 அன்று 214 சுரங்கங்கள் நாட்டுடைமையாயின. சரியாக ஓராண்டு கழித்து, 1973 மே 1 அன்று, மற்ற நிலக்கரிச் சுரங்கங்கள் 711 அரசுக்கு வந்தன. இது சரியான முடிவு என்றே நான் உறுதியாகக் கருதுகிறேன். ஆனால் உடைமை மாறினால் எல்லாம் மாறிவிடும் என்று அவரும் நினைக்கவில்லை. அதே ஆண்டு ஜனவரியில் இந்திய உருக்கு ஆணையம், அதாவது செயில், அவர் முயற்சியால்தான் பிறந்தது. ஆலையை நடத்துபவர் அமைச்சக எழுத்தரின் கோப்புக்காகக் காத்திருக்கக் கூடாது, முடிவெடுக்கும் அதிகாரம் தொழில் தெரிந்தவர் கையில் இருக்க வேண்டும் என்பதே அதன் நோக்கம். உடைமை மாறினால் மட்டும் போதாது என்பது பிறகும் தெரிந்தது: 1975 டிசம்பரில் தன்பாத் அருகே சஸ்நாலா நிலக்கரிச் சுரங்கத்தில் வெள்ளம் புகுந்து 350க்கும் மேற்பட்ட தொழிலாளர்கள் மாண்டபோது, அந்தச் சுரங்கத்தை வைத்திருந்த நிறுவனத்தின் நிர்வாகம் ஏற்கெனவே அரசின் கையில்தான் இருந்தது. 2019இல் செயிலுக்குச் சொந்தமான நம் சேலம் உருக்காலையை விற்க அறிவிப்பு வந்தபோது தொழிற்சங்கங்கள் ஒன்றுசேர்ந்து எதிர்த்தன. அந்த எதிர்ப்பை நானும் ஆதரிக்கிறேன். ஆயினும் ஆலை அரசிடமே இருக்கட்டும் என்பதோடு, அதை யார், எந்த அதிகாரத்தோடு நடத்துவது என்று அவர் கேட்ட கேள்வியையும் நாம் சேர்த்துக் கேட்டாக வேண்டும்.

இனி அந்த வாரத்தின் மறுபாதிக்கு வருகிறேன். ஏப்ரல் 24 அன்று கேசவானந்த பாரதி வழக்கில், அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பை நாடாளுமன்றம் மாற்ற முடியாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உடனே, அந்த வழக்கில் அரசுக்கு எதிராகத் தீர்ப்பளித்த ஷெலத், ஹெக்டே, குரோவர் ஆகிய மூத்த நீதிபதிகள் மூவரையும் ஒதுக்கிவிட்டு, ஏ.என். ராயைத் தலைமை நீதிபதியாக்கியது அரசு. மூவரும் பதவி விலகினர். மக்களவையில் இதற்காக மிகத் திறமையாக வாதாடியவர் சட்ட அமைச்சர் அல்லர். உருக்கு அமைச்சர் குமாரமங்கலம். தலைமை நீதிபதியைத் தேர்ந்தெடுக்கும்போது அவருடைய சமூகப் பார்வையையும் அரசு கணக்கில் கொள்ளலாம் என்றார் அவர். நிலச் சீர்திருத்தமும் வங்கி நாட்டுடைமையும் நீதிமன்றத்தில் தடுக்கப்பட்டதைக் கண்டவரின் கோபம் அதில் இருந்தது. அந்தக் கோபத்தில் நியாயமும் இருந்தது. ஆனால் அரசு தொடுத்த வழக்கில் குற்றவாளிக் கூண்டில் நின்ற ஒருவர், நீதிபதியைத் தன் கருத்துக்கேற்பப் பொறுக்கும் உரிமையை அரசுக்கே கொடுக்கத் துணிந்ததை என்னால் ஏற்க முடியவில்லை. சுரங்க நிர்வாகிக்கு அமைச்சகத்திடமிருந்து விடுதலை வேண்டும் என்று கண்டவர், நீதிபதிக்கும் அது வேண்டும் என்பதைக் காணாமல் போனார்.

மூன்றே ஆண்டில் விளைவு தெரிந்தது. 1976இல், நெருக்கடி நிலையின்போது, காரணம் சொல்லாமல் சிறையில் அடைக்கப்பட்டவர் நீதிமன்றத்தை நாட முடியாது என்று ஏ.என். ராய் தலைமையிலான அமர்வு தீர்ப்பளித்தது, எச்.ஆர். கன்னா ஒருவர் மட்டுமே மாறுபட்டார். அவரும் மறு ஆண்டு தலைமைப் பதவிக்கு வராமல் ஒதுக்கப்பட்டார்.

இவை எதையும் குமாரமங்கலம் பார்க்கவில்லை. 1973 மே 31 இரவு, டெல்லி பாலம் விமான நிலையத்துக்கு அருகே நடந்த விமான விபத்தில், 56 வயதில் அவர் இறந்துபோனார். நிலக்கரி நாட்டுடைமை குறித்து அவர் எழுதிய நூலும், அந்த மே மாத மக்களவை உரையும் நமக்குக் கிடைக்கின்றன. இங்கே வந்திருக்கும் சட்டக் கல்லூரி மாணவர்கள் இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.