ஆறின கஞ்சியும் சீல் வைத்த வெல்லமும்

(சேலம் செவ்வாய்பேட்டை வெல்ல வியாபாரிகள் கூட்டத்தில் வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

தலைமை தாங்கும் சங்கத் தலைவர் அவர்களே, ரயிலைத் தவறவிட்டு பஸ்ஸில் நின்றுகொண்டே வந்து சேர்ந்திருக்கும் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஐயா அவர்களே, எனக்குப் போட்ட சால்வையைத் தம் தோளிலிருந்தே எடுத்துப் போட்ட பொருளாளர் அவர்களே, பொங்கல் சரக்கு ஏற்றுகிற நேரத்தில் மண்டிக் கதவைச் சாத்திவிட்டு வந்திருக்கும் பெரியோர்களே, வணக்கம்.

அதிகாரிகள் பிடித்து வைக்கும் சரக்கைப் பற்றி மூன்று செய்திகள் சொல்லப் போகிறேன். ஒன்று சீல், இரண்டு ஆய்வறிக்கை, மூன்று துறைமுகத்தில் தேங்கும் இறக்குமதிச் சரக்கு. மூன்றுக்கும் என் பாட்டி ஒரே வாக்கியத்தில் தீர்ப்பு எழுதியிருப்பாள்: ஆறின கஞ்சி பழங்கஞ்சி.

2006-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டம், 38-வது பிரிவு. சந்தேகப்பட்டால் சரக்கைப் பறிமுதல் செய்யலாம். மாதிரி எடுத்துக்கொண்டு உங்கள் பொறுப்பிலேயே விட்டும் வைக்கலாம். அப்படி விட்டால், சரக்கின் மதிப்புக்குப் பிணைப் பத்திரம் எழுதி வாங்கலாம். சரக்கு உங்களுடையது, கிடங்கு உங்களுடையது, ஆனால் தொட முடியாது. கெட்டுப்போனால் பதில் சொல்ல வேண்டியவரும் நீங்கள்தான்.

என் கட்சிக்காரர் ஒருவர், எழுபது வயது. ஐப்பசி அடைமழையில் அவர் கிடங்குக்குச் சீல் வைத்தார்கள். வெல்லத்தில் சர்க்கரை கலந்திருக்கிறது என்று சந்தேகம். ஈரக்காற்று பட்டால் வெல்லம் வியர்க்கும். உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பத்தாம் நாள் கதவிடுக்கில் பழுப்பாய்ப் பாகு கசிந்தது. பூட்டின்மேல் அரக்கு முத்திரை அப்படியே இருக்க, அதன் கீழே எறும்பு வரிசை உள்ளே போய்க்கொண்டிருந்தது. எறும்புக்கு எந்தப் பிரிவில் நோட்டீஸ் கொடுப்பது? பெரியவர் தினமும் காலையில் வந்து வாசலைத் துடைத்துவிட்டுப் போவார்.

ஒரு நாள் ஆய்வறிக்கை வந்தது. முழுவதும் ஆங்கிலம். ஒன்பதாம் வகுப்புப் பேரனைக் கூப்பிட்டுப் படிக்கச் சொன்னார். அவன் எழுத்துக்கூட்டி, "ஸ்டாண்டர்ட் என்று போட்டிருக்கிறது தாத்தா, தரமானதாம்" என்றான். பெரியவருக்குக் கண் கலங்கிவிட்டது. தெருவில் இருபது வீட்டுக்குப் பணியாரம் சுட்டுக் கொடுத்தார்! அறிக்கையை மஞ்சள் தடவிப் பெட்டியில் வைத்தார். நாற்பதாம் நாள் இன்னொரு நோட்டீஸ் வந்தபோதுதான் என்னிடம் ஓடி வந்தார். பெட்டியைத் திறந்து பார்த்தால், "ஸ்டாண்டர்ட்" என்பதற்கு முன்னால் மூன்று எழுத்து ஒட்டிக்கொண்டு நிற்கிறது: "சப்". தரம் குறைந்தது! மேல்முறையீட்டுக்கு விதி கொடுத்த முப்பது நாளும் மஞ்சள் வாசனையோடு பெட்டிக்குள்ளேயே கழிந்துவிட்டது. அபராதம் கட்டினார். விடுவிப்பு ஆணை வந்தபோது உள்ளே மிச்சமிருந்தது சாக்குகள். ஆறின கஞ்சி பழங்கஞ்சி.

பகுப்பாய்வாளர் பதினான்கு நாளில் அறிக்கை தர வேண்டும் என்கிறது 46-வது பிரிவு. அது கட்டாயமா இல்லையா என்பதில் உயர்நீதிமன்றங்கள் ஒரே குரலில் பேசவில்லை. மாதிரியை நான்கு பங்காக்குகிறார்கள் அல்லவா? நான்காவது பங்கை அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்துக்கு அனுப்பச் சொல்லிக் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. செலவு உங்களுடையது. இரண்டு அறிக்கையும் முரண்பட்டால் மேல் ஆய்வகத்துக்குப் போகும். அது சொல்வதே முடிவு. இந்த மண்டியில் எத்தனை பேர் அந்த நான்காவது பங்கைக் கேட்டிருக்கிறீர்கள்? கேட்கலாம் என்று உங்களுக்குப் புரிகிற மொழியில் யார் சொன்னார்கள்?

பெரிய கம்பெனிக்கும் இதே கதிதான். 2015 ஜூனில் மேகி நூடுல்ஸுக்குத் தடை. ஆகஸ்ட் 13 அன்று பம்பாய் உயர்நீதிமன்றம் அந்தத் தடையை ரத்து செய்தது. கம்பெனியின் பக்கத்தைக் கேட்கவில்லை, ஆய்வகங்களுக்கு உரிய அங்கீகாரம் இல்லை என்பவை காரணங்கள். அதற்குள் ஆயிரக்கணக்கான டன் நூடுல்ஸ் சிமெண்ட் ஆலைச் சூளைகளில் எரிந்துகொண்டிருந்தது. ஆனால் அவர்களுக்கு ஆங்கிலம் தெரிந்த வக்கீல் பட்டாளம் இருந்தது. நம் பெரியவருக்கு ஒன்பதாம் வகுப்புப் பேரன்.

ஆகவே நான் ஐந்து வருடமாகக் கத்துவதையே இங்கும் கத்துகிறேன். சரக்கைப் பிடிக்கும்போது எழுதுகிற மகஜர், நோட்டீஸ், ஆய்வறிக்கை எல்லாம் தமிழிலும் வேண்டும். மேல்முறையீட்டுக் கெடுவைத் தடித்த எழுத்தில் முதல் வரியிலேயே போட வேண்டும். மத்தியச் சட்டம், மத்தியப் படிவம் என்று பதில் சொல்கிறார்கள். மகஜர் எழுதுகிற கை நம் மாவட்டத்துக் கைதானே? தமிழ் ஆட்சிமொழிச் சட்டம் 1956-லேயே வந்துவிட்டது. கலப்படக்காரனுக்காக நான் பேசவில்லை. வெல்லத்தை வெளுக்க ஹைட்ரோஸ் என்ற ரசாயனம் போடுகிறவன் சிறைக்குப் போனால் எனக்கு மகிழ்ச்சிதான். எதற்காகப் போகிறான் என்பதையாவது அவன் படித்துத் தெரிந்துகொள்ளட்டும்.

மூன்றாவது, துறைமுகம்... தலைவர் இரண்டு முறை கடிகாரத்தைப் பார்த்துவிட்டார். நீதிபதி ஐயாவும் திரும்பப் பஸ் பிடிக்க வேண்டும். துறைமுகத்தை இன்னொரு நாள் வைத்துக்கொள்வோம். கோரிக்கை மனு வாசலில், காபி அண்டாவுக்குப் பக்கத்தில் இருக்கிறது. கையெழுத்துப் போடுங்கள். பேனா என்னுடையது, திருப்பித் தந்துவிட்டுப் போங்கள்.