மனு பார்க்கப் போகிறவர்களுக்கு

வணக்கம் நேயர்களே.

காரைக்குடி, தேவகோட்டை, புதுவயல், திருப்பத்தூர் வட்டாரத்தில் இதைக் கேட்டுக்கொண்டிருக்கிற சில வீடுகளிலாவது மதுரை மத்திய சிறைக்கோ புதுக்கோட்டைச் சிறைக்கோ போய் மனு பார்த்துவிட்டு, அதாவது உள்ளே இருக்கிற உறவினரைச் சந்தித்துவிட்டு, வந்தவர்கள் இருப்பீர்கள். அதை வெளியில் சொல்லிக்கொள்வதில்லை. அக்கம்பக்கத்தில் கேட்டால் "பையன் திருப்பூர்ல வேலையா இருக்கான்" என்று சொல்லி வைத்திருப்போம். நான் இலவச சட்ட உதவிக்காகக் கைதிகளைப் பார்த்துப் பேசுகிற வழக்கறிஞர். அந்த வீட்டுக்காரர்களை மனதில் வைத்துத்தான் இன்று பேசுகிறேன். சிறைக்குள் கைதியைக் கைதியே மிரட்டிப் பிழிவது பற்றி.

காவலர் அடித்தால் செய்தி வருகிறது, வழக்கு வருகிறது. கைதி கைதியை வதைத்தால் "ஜெயில்னா அப்படித்தான்" என்று முடித்துவிடுகிறோம். "தப்பு செஞ்சவன்தானே, படட்டும்" என்று சொல்கிறவர்களும் உண்டு. அவர்களிடம் ஒரு கணக்கைச் சொல்ல வேண்டும். தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022ஆம் ஆண்டு அறிக்கைப்படி இந்தியச் சிறைகளில் இருந்தவர்கள் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். அதாவது நான்கில் மூன்று பேர் மீது குற்றம் இன்னும் நிரூபிக்கப்படவில்லை. ஜாமீன் கிடைத்தும் ஜாமீன்தாரர் கிடைக்காமல் உள்ளே இருப்பவர்களும் இதில் சேர்த்தி. அதே ஆண்டில் 100 பேருக்கான இடத்தில் 131 பேர் இருந்தார்கள். படுக்க இடம், குளிக்கத் தண்ணீர், கழிவறைக்கு வரிசை என்று எல்லாமே பற்றாக்குறை. பற்றாக்குறை இருக்கிற இடத்தில் பங்கு போடுகிறவன் கையில் அதிகாரம் போய்ச் சேர்கிறது.

பலரும் நினைப்பது மாதிரி இது அடியில் தொடங்குவதில்லை. பெரும்பாலும் உதவியில்தான் தொடங்குகிறது. ரிமாண்டில் புதிதாக ஒரு பையன் வருகிறான் என்று வையுங்கள். மாற்றுத்துணி இல்லை, சோப்பு இல்லை. வீட்டுக்குத் தகவல் போனதா என்றும் தெரியாது. பயத்தில் சாப்பாடு இறங்கவில்லை. பழைய ஆள் ஒருவர் வந்து பக்கத்தில் உட்கார்ந்து, "எந்த ஊரு தம்பி? புதுவயலா, நம்ம பக்கம்தான்" என்று பேசுகிறார். ஒரு சோப்பு, ஒரு பாக்கெட் பிஸ்கட், பழக்கம் இருந்தால் ரெண்டு பீடி. அன்றிரவு அந்தப் பையனுக்கு அவர்தான் தெய்வம். நாலாவது நாள் கணக்கு வருகிறது. ஒன்று வாங்கியதற்கு ரெண்டு. அதைத் தராவிட்டால் அடுத்த வாரம் நாலு. இங்கிலாந்துச் சிறைகளிலும் இதே முறை உண்டு. அங்கே முன்பெல்லாம் புகையிலை கடன் கொடுத்து இரட்டிப்பாக வாங்கினார்கள்.

நம் ஊருக்கு வட்டியைப் பற்றி யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. பர்மாவிலும் மலேயாவிலும் கடை வைத்துப் பேரேடு எழுதிய ஊர்க்காரர்கள் நாம். பேரேட்டில் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, எப்போது தீரும் என்று எழுதியிருக்கும். கந்துவட்டியைத் தடுக்க தமிழ்நாட்டில் 2003லேயே சட்டம் வந்துவிட்டது. சிறைக்குள் ஓடுகிற கடனுக்குப் பேரேடு கிடையாது. கொடுத்தவன் சொல்வதுதான் தொகை. தீர்க்க முடியாதபோது உழைப்பாகக் கேட்பார்கள். துணி துவை, கால் பிடித்துவிடு, உன் பங்கு முட்டையைக் கொடு, உன் இடத்தைக் கொடுத்துவிட்டுக் கழிவறைப் பக்கம் போய்ப் படு. இதைவிடக் கேவலமான கோரிக்கைகளும் வரும். கடைசியில் வீட்டுக்குச் சேதி வரும், இந்த நம்பருக்குக் கூகுள் பேயில் பணம் போடச் சொல்லி.

அடாவடிக்கு இன்னொரு முகம் உண்டு. அதில் கை ஓங்கவே மாட்டார்கள். இவன் போலீசுக்கு ஆள்காட்டி என்று ஒரு வதந்தியைக் கிளப்பிவிட்டால் போதும். அல்லது இவன் மேல் இருப்பது குழந்தை சம்பந்தப்பட்ட வழக்கு என்று பொய்யாகப் பரப்பினால் போதும். மறுநாளிலிருந்து அவனோடு யாரும் சேர்ந்து உட்கார மாட்டார்கள். பெண்கள் சிறையில் ஒதுக்கி வைப்பதும் புறம் பேசுவதும்தான் பெரிய ஆயுதம். ஒரு பெண்ணின் பிள்ளைகள் எந்த உறவினர் வீட்டில் இருக்கிறார்கள் என்று தெரிந்துகொண்டு அதையே சொல்லிச் சொல்லிக் குத்துவார்கள். உடம்பில் காயம் இல்லாததால் புகார் கொடுக்கவும் வழி தெரியாது.

தென்மாவட்டத்தில் இதைப் பேசும்போது சாதியை விட்டுவிட முடியாது. பாளையங்கோட்டை மத்திய சிறையில் சாதிவாரியாகக் கைதிகளைப் பிரித்து வைத்திருந்தது நீதிமன்றம் வரை போன விஷயம். சண்டை வராமல் இருக்கத்தான் பிரிக்கிறோம் என்பது நிர்வாகத்தின் வாதம். 2024 அக்டோபர் 3ஆம் தேதி உச்ச நீதிமன்றம், சாதியை வைத்துச் சிறையில் இடமோ வேலையோ பிரிப்பது அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று தீர்ப்புச் சொன்னது. பாளையங்கோட்டை விவகாரத்தையும் எடுத்துப் பேசி, ஒழுங்கைக் காக்க இதுதான் வழி என்பதை ஏற்கவில்லை. எனக்கும் அதுதான் சரி என்று படுகிறது. சாதிக்கொரு பிளாக் என்று ஆக்கினால் அந்த பிளாக் சீக்கிரமே ஒரு பெரிய ஆளின் கைக்குப் போய்விடும். சொந்தச் சாதிப் பையனைத்தான் முதலில் பிழிவான். காப்பாற்றுகிறேன் என்று சொல்லிக்கொண்டே பிழிவான்.

சரி, பாதிக்கப்பட்டவன் ஏன் வாய் திறப்பதில்லை? சொன்னால் காட்டிக்கொடுத்தவன் என்று பெயர் வரும். அந்தப் பெயரோடு அதே பிளாக்கில் இரவு படுக்க வேண்டும். தான் வதைபடுகிறோம் என்று ஒப்புக்கொள்வதும் ஆம்பளைக்கு அவமானமாக இருக்கிறது. இங்கிலாந்துச் சிறைகளில் ஆய்வு செய்த உளவியலாளர்கள் ஒன்றைக் கவனித்தார்கள். "உன்னை யாராவது கொடுமைப்படுத்துகிறார்களா?" என்று நேராகக் கேட்டால் இல்லை என்பவர்கள்தான் அதிகம். உன் பொருளை யாராவது எடுத்தார்களா, கேலிப் பெயர் வைத்துக் கூப்பிடுகிறார்களா, வேண்டுமென்றே தள்ளிவிட்டார்களா என்று ஒவ்வொன்றாகக் கேட்டால் நிறையப் பேர் ஆமாம் என்கிறார்கள். இன்னொன்றும் தெரிந்தது. வதைப்பவன், வதைபடுபவன் என்று ரெண்டு கூட்டம் மட்டும் இல்லை. ஒரு பக்கம் அடிவாங்கி இன்னொரு பக்கம் அடிப்பவர்களும் கணிசமாக இருக்கிறார்கள். கடனை அடைக்க வழியில்லாத பையன் அடுத்து வருகிற புதுப் பையனை மடக்குவான்.

மனு பார்க்கப் போகிற தாய்மார்கள் இந்தக் கேள்வி விஷயத்தை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். "யாராச்சும் அடிக்கிறாங்களாடா?" என்று கேட்காதீர்கள். "இல்லம்மா" என்றுதான் சொல்வான். பக்கத்தில் நிற்பவர்களுக்கும் அது கேட்கும். "போன தடவை குடுத்த சோப்பு இருக்கா? எந்த ஓரமா படுக்கிறே? முட்டை போடுற அன்னைக்குச் சாப்பிட்டியா? யார் கூட உட்கார்ந்து சாப்பிடுறே?" என்று கேளுங்கள். கொடுத்த துணி அடுத்த வாரமே காணாமல் போயிருந்தால், கேன்டீன் பணம் போட்ட மறுநாளே தீர்ந்திருந்தால், திடீரென்று "வர வேண்டாம்மா" என்று சொன்னால், அல்லது யார் பெயரையோ சொல்லி அவருக்குப் பணம் அனுப்பச் சொன்னால், கடன் வலையில் மாட்டியிருக்கிறான் என்று சந்தேகப்பட வேண்டும்.

அப்புறம் பணம் அனுப்புவதா வேண்டாமா? இங்கேதான் பெற்றவர்கள் மனம் தடுமாறும். ஒரு தடவை அனுப்பினால் விட்டுவிடுவார்கள் என்று நகையை அடகு வைத்தவர்கள் இருக்கிறார்கள். அனுப்பினால் இந்த வீட்டில் பணம் இருக்கிறது என்று தெரிந்துவிடும், தொகை ஏறும். அதே சமயம், திடீரென்று நிறுத்தினால் பையன் உடம்புக்கு ஆபத்து என்ற பயத்தை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆகவே நீங்களாகத் தனியாக முடிவெடுக்காதீர்கள். கேட்ட நம்பர், வந்த அழைப்பு, அனுப்பிய ரசீது எல்லாவற்றையும் வைத்துக்கொண்டு அன்றே வழக்கறிஞரிடம் போங்கள். மிரட்டிப் பணம் பறிப்பது, பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 308ஆம் பிரிவின்படி குற்றம். சிறைக்குள் இருந்து செய்தாலும் குற்றம்தான். வழக்கறிஞர் வைக்க வசதி இல்லை என்றால், காவலில் இருக்கிற எவருக்கும் 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவு இலவச வழக்கறிஞரைத் தருகிறது. வருமானக் கணக்கு பார்க்க மாட்டார்கள். 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் வழி சொல்வார்கள்.

கூட இருக்கிற கைதி ஒருவர் வாய் திறந்தால் என்ன நடக்கும் என்பதற்கு நம் நாட்டிலேயே பெரிய உதாரணம் இருக்கிறது. திகார் சிறையில் இருந்த சுனில் பத்ரா என்ற கைதி உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். பிரேம் சந்த் என்ற இன்னொரு கைதியை ஒரு காவலர் சித்திரவதை செய்கிறார், பார்க்க வருகிற உறவினர்களிடம் பணம் கறப்பதற்காக என்று அந்தக் கடிதம் சொன்னது. அதையே மனுவாக எடுத்துக்கொண்டு 1979 டிசம்பரில் நீதிபதி கிருஷ்ணய்யர் அமர்வு தீர்ப்புச் சொன்னது. சிறைகளில் புகார்ப் பெட்டி வைக்க வேண்டும், வழக்கறிஞர்கள் போய்க் கைதிகளைத் தனியாகச் சந்திக்க வேண்டும் என்பதெல்லாம் அந்தத் தீர்ப்பில் வந்தவை. அங்கே பணம் கேட்டது காவலர், நான் பேசுகிற விஷயத்தில் கைதி. ஆனால் பணம் வருகிற பாதை ஒன்றே, வீட்டாரின் பயம்.

நிர்வாகம் செய்ய வேண்டியது என்ன என்று கேட்டால், நான் முதலில் சொல்வது சோப்பைத்தான். கேட்பதற்குச் சின்ன விஷயம் மாதிரி இருக்கும். உள்ளே வருகிற ஒவ்வொருவருக்கும் முதல் நாளே சோப்பு, பற்பசை, துண்டு, மாற்றுத்துணி அரசுச் செலவில் கிடைத்து, வீட்டுக்கு ஒரு போனும் போட்டுக் கொடுத்துவிட்டால் கடன் கொடுக்க வருகிறவனுக்கு வேலை இல்லை. முதல் வாரம் முக்கியமானது. அந்த வாரத்தில் புதியவர்களைத் தனிப் பகுதியில் வைத்து, சிறை நல அலுவலர் தினமும் பேசினால் பாதி சிக்கல் முளைக்காது. அடுத்தது, கைதி கையில் கைதி மீது அதிகாரம் கொடுக்கக் கூடாது. 1894ஆம் ஆண்டுச் சிறைச் சட்டம் கைதிகளையே அலுவலராக நியமிக்க இடம் கொடுத்தது. ஐக்கிய நாடுகள் சபை 2015இல் ஏற்ற நெல்சன் மண்டேலா விதிகளில் 40ஆம் விதி, ஒழுங்கு நடவடிக்கை சம்பந்தமான எந்த வேலையிலும் கைதியை வைக்கக் கூடாது என்கிறது. ஆள் பற்றாக்குறையால் சாப்பாடு பிரிப்பது, படுக்கை ஒதுக்குவது எல்லாம் பழைய கைதி ஒருவரிடம் போய்விட்டால், காகிதத்தில் பதவி இல்லாவிட்டாலும் அவர்தான் அங்கே ராஜா.

புகார் வந்ததும் வதைபட்டவனைத் தூக்கித் தனி செல்லில் போடுவதை நான் கடுமையாக எதிர்க்கிறேன். பாதுகாப்பு என்பார்கள். அவனுக்கு அது ரெண்டாவது தண்டனை, பார்க்கிற மற்றவர்களுக்கு அது எச்சரிக்கை. நகர்த்த வேண்டியது மிரட்டியவனைத்தான். அவனையும் வெறுமனே வேறு பிளாக்குக்கு மாற்றினால் அங்கே போய் அதையே தொடர்வான். அவனுக்கு வேலையும் கண்காணிப்பும் ஆலோசனையும் வேண்டும்.

நம் சிவகங்கை மாவட்டத்திலேயே புரசடை உடைப்பு என்ற இடத்தில் திறந்தவெளிச் சிறை இருக்கிறது. நன்னடத்தையுள்ள தண்டனைக் கைதிகள் அங்கே விவசாயம் செய்கிறார்கள். பகல் முழுக்க வெளியில் உழைப்பும் காற்றும் இருக்கிற இடத்தில், ஒரு அறைக்குள் நாள் முழுக்கச் சும்மா அடைந்து கிடப்பதால் வருகிற புழுக்கம் குறையும். எல்லாரையும் அங்கே அனுப்ப முடியாதுதான். ஆனால் விசாரணைக் கைதிகளுக்கு வேலையோ படிப்போ எதுவும் தராமல் மாதக்கணக்கில் உட்கார வைத்துவிட்டு, அவர்கள் ஒருவரை ஒருவர் சீண்டுகிறார்கள் என்று வருத்தப்படுவதில் அர்த்தமில்லை.

கடைசியாக ஒரு வீட்டாரிடம் பேச வேண்டியிருக்கிறது. இதுவரை வதைபடுகிற பிள்ளையின் வீட்டைப் பற்றியே பேசினேன். உள்ளே மிரட்டுகிறவனுக்கும் வீடு உண்டு. பணம் வந்து விழுகிற நம்பர் அவனுடைய தம்பியுடையதாக இருக்கலாம், மனைவியுடையதாக இருக்கலாம், சிநேகிதனுடையதாக இருக்கலாம். அறிமுகம் இல்லாத ஒரு பெயரிலிருந்து உங்கள் போனுக்கு ஆயிரமோ ரெண்டாயிரமோ வந்து, "வச்சுக்கோ, நான் சொல்லும்போது கொடு" என்று உள்ளேயிருந்து சேதி வந்தால், யார் பணம், எதற்காக என்று கேளுங்கள். பதில் சரியாக வராவிட்டால் வாங்க மறுத்துவிடுங்கள். வாங்கி வைத்தால் அந்தக் குற்றத்தில் உங்கள் பெயரும் சேரக்கூடும். ஏற்கெனவே வாங்கிவிட்டீர்கள் என்றால் இந்த வாரமே ஒரு வழக்கறிஞரிடம் சொல்லி ஆலோசனை கேளுங்கள். நான் சொன்ன அதே 15100 உங்களுக்கும்தான்.

நன்றி. வணக்கம்.